தூசி நீக்கும் வேலை

சாலிகிராமத்தில் இரண்டாவது மாடி.
ஏசி பதினெட்டில் நிற்கும்,
ஆட்களுக்காக இல்லை, மெஷின்களுக்காக.
இரவு எட்டரைக்கு நான் உள்ளே போனால்
ஹெட்விக் ஏற்கெனவே ஜன்னலோரம் நின்றிருப்பாள்.

அவள் தலையைத் திருப்ப வேண்டும்.
படத்தில் அதற்கு இரண்டு நொடி.
எனக்குத் திங்களிலிருந்து வியாழன் வரை.
கீறல், பூஞ்சை, எவனோ ஒருவனின் கைரேகை,
நூறு வருஷத்துக்கு முன் விழுந்த ஒரு தலைமுடி
எல்லாவற்றையும் ஃபிரேம் ஃபிரேமாகத் துடைக்கிறேன்.
காசு ஃபிரேமுக்குத்தான், முகத்துக்கு இல்லை.

ஜெர்மன்காரர்கள் அனுப்பிய தாளில்
அவள் வாழ்க்கை ஐந்து வரி.
தையல்காரர் மகள். பத்தொன்பதில் முதல் படம்.
மொத்தம் பதினொன்று; மிச்சம் இது ஒன்றும்
இன்னொன்றில் பாதியும்.
பேசும் படம் வந்ததும் பெயர் நின்றுவிடுகிறது.
இறந்த வருஷத்துக்கு நேரே கேள்விக்குறி.

குரல் சரியில்லை என்றார்களோ என்னவோ.
பக்கத்துத் தெரு டப்பிங் தியேட்டரில்
எத்தனையோ வடநாட்டுப் பெண்களுக்குத் தொண்டை கொடுத்துவிட்டு
மஃப்ளரோடு டீ குடிக்க வருவார் வேதவல்லி அக்கா.
அவரிடம் சொன்னேன்.
"இந்த ஊர்ல பொறந்திருந்தா
நானே பேசியிருப்பேன்டா" என்றார்.

மூன்றாம் ரீலில் பிழை செய்தேன்.
இடது காதுக்குக் கீழே ஒரு கறுப்புப் புள்ளி.
மென்பொருள் தூசி என்றது. நானும் தூசி என்றேன்.
ஆறு நாள், இரண்டாயிரத்து நூறு ஃபிரேம்.
ஏழாம் நாள் கதாநாயகன் வந்து
குனிந்து, கண்ணை மூடி,
நேராக அந்த இடத்தில் முத்தமிட்டான்,
வெறும் தோலில்,
வீடு இடிக்கப்பட்டது தெரியாத தபால்காரன் மாதிரி.

இம்தியாஸ் சிரித்த சிரிப்பில் சூப்பர்வைசர் எழுந்து வந்தார்.
திரும்ப வைத்தேன்.
எடுப்பதைவிட வைப்பது கஷ்டம்.
மச்சம் சதையோடு நகர வேண்டும்,
அவள் எச்சில் விழுங்கினால் கொஞ்சம் ஏறி இறங்க வேண்டும்.
அந்த மாதச் சம்பளத்தில் பிடித்தம்.

அவள் பேசுவதும் உண்டு. உதடு அசையும்,
பிறகு கறுப்பு அட்டையில் ஜெர்மன் எழுத்து வரும்.
எனக்கு அதிலும் தூசிதான் தெரியும்.
ஒரே ஒரு இடத்தில்
"போதும்" என்று சொல்கிற மாதிரி இருக்கிறது.
முதலில் உதடு மூடித் திறந்து, கடைசியில் மறுபடி மூடுகிறது.
பதினான்கு முறை ஓட்டிப் பார்த்தேன்.
ஜெர்மனில் அது வேறு ஏதாவதாக இருக்கும்.

கடைசி நாற்பது அடி கரைந்துபோயிருக்கிறது.
முகம் இருந்த இடத்தில் தேன் கொதிக்கிற மாதிரி.
கம்ப்யூட்டர் ஒரு முகத்தை ஊகித்துத் தந்தது.
அழகாகவே இருந்தது. மச்சம் இல்லை.
அதை அழித்துவிட்டு
'இது இப்படியே இருக்கட்டும்' என்று எழுதி அனுப்பினேன்.
பெர்லினிலிருந்து பதில் இன்னும் வரவில்லை.

காலையில் ஆற்காடு ரோட்டில் மெட்ரோ தோண்டுகிறார்கள்.
பஸ் ஜன்னல் முழுக்கப் புழுதி.
விரல் தானாகப் போகிறது.
ஷிஃப்ட் முடிந்துவிட்டது என்று
அதற்கு யார் சொல்வது.