அண்டமாற்று

பலகை எழுத வந்தவன் 'ப'வை விட்டுவிட்டான்.
பண்டமாற்று நிலையம் என்றுதான் எழுதச் சொன்னது.
ஹயாத் பாஷா கீழே நின்று படித்துப் பார்த்து
இருக்கட்டும், இதுதான் சரி என்றார்.
கூலியில் மட்டும் ஓர் எழுத்துக்கானதைப் பிடித்துக்கொண்டார்.

ராணிப்பேட்டை, தோல் ஷெட்டுக்குப் பின்புறம்.
எட்டடிக் கருங்கல் தொட்டி,
அடியில் செம்புச்சுருள், மூன்று ஃபேஸ் மின்சாரம்,
மூலைக்கு ஓர் எலுமிச்சை.
எலுமிச்சை எதற்கு என்று கேட்ட இன்ஜினியர்
ஒருநாள் வைக்காமல் ஓட்டிப் பார்த்தார்.
சுருள் எரிந்தது.
மறுநாளிலிருந்து எலுமிச்சைக்கு வவுச்சர் போட்டார்.

விதி ஒன்றுதான்: எடைக்கு எடை.
குரோமியம் ஊறிய நீலச்சேறு
முந்நூற்றுப் பத்துக் கிலோ கொட்டி,
கன்னியப்பன் நெம்புகோலை இறக்குவான்.
வெளிச்சமெல்லாம் வராது. காது அடைக்கும்,
ஏலகிரி பஸ்ஸில் ஏழாவது வளைவில் அடைக்குமே, அப்படி.
பிறகு தொட்டியில் மணல் இருக்கும்.
ஈரமணல். முந்நூற்றுப் பத்து. கிராம் பிசகாது.
எழுதிவைப்பது நான்,
சாலோமி, எடைமேடை எழுத்தர், இரவு ஷிஃப்டு.

எங்கள் பாலாற்றில் அள்ள மணல் இல்லை.
அவர்கள் பாலாற்றில், அதற்கு என்ன பெயரோ,
இருந்தது. லாரி லாரியாக விற்றோம்.
சத்துவாச்சாரியில் மாடிகள் எழுந்தன.
நவல்பூரில் எனக்கும் ஓர் அறை, ஒரு குளியலறை.

மணல் தீர்ந்ததும் தண்ணீர் வந்தது.
கேனில் பிடித்தோம். இனித்தது.
"இன்னாக்கா, நம்ம ஊரு தண்ணியே இல்ல இது"
என்றான் கன்னியப்பன்.
இல்லைதான்.

ஆடியில் கெண்டைகள் வந்தன, துள்ளிக்கொண்டு.
அப்புறம் வேர். அப்புறம் ஒரு துவைகல்,
சோப்பு நுரை இன்னும் காயாமல்.
எடையை எழுதிவிட்டு
'விவரம்' என்ற கட்டத்தில்
நெடுநேரம் பேனாவை வைத்திருந்தேன்.
கல் என்று எழுதினேன்.

கார்த்திகையில் ஒரு விடியற்காலை.
நெம்புகோலை யாரும் தொடவில்லை.
காது அடைத்தது.
தொட்டியில் மூட்டைகள், வாய் இரட்டைத் தையல்.
உள்ளே எங்கள் நீலச்சேறு.
மூட்டைக்கு ஒரு சீட்டு. எழுத்து புரியவில்லை,
எண்கள் புரிந்தன: தேதி, எடை.
பேரேட்டை எடுத்துவந்து ஒத்துப் பார்த்தேன்.
ஒன்றுகூடத் தப்பவில்லை.
மாசியில் தூக்கக் கலக்கத்தில்
ஒன்று என்று நான் போட்டிருந்த ஏழைத்
திருத்தியும் இருந்தார்கள்.

எடைக்கு எடை என்றால்
இங்கிருந்து போனது என்ன?
சுற்றிலும் தேடினோம். எலுமிச்சை நான்கும் இருந்தன.
கன்னியப்பனின் செருப்பு இருந்தது.
ஏழு மணிக்குச் சத்துவாச்சாரியிலிருந்து போன்:
இரண்டாவது மாடியில் பூச்சைக் காணோம்,
செங்கல்லுக்கும் செங்கல்லுக்கும் நடுவே சாந்தைக் காணோம்,
தரையெல்லாம் சிமென்ட் தூள்,
கற்கள் மட்டும் ஒன்றன்மேல் ஒன்று
மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கின்றன,
யாரும் தும்மவேண்டாம்.

தொட்டியை உடைக்கச் சொன்னார் பாஷா. உடைத்தோம்.
சுருளைப் பழைய செம்புக்குப் போட்டோம்.
மறுநாளும் காது அடைத்தது.
வெறுந்தரையில் மூட்டைகள்.

தேதி வரிசைப்படி வருகிறது.
என் குளியலறைச் சுவர் பங்குனிக் கணக்கு,
போன வாரம் போனது.
பழைய சேலையைக் கட்டித் தொங்கவிட்டுக் குளிக்கிறேன்.

மணல் இன்னும் பதினோரு நாளில் நேராகிவிடும்.
அடுத்த பக்கம் தண்ணீர்.
நாற்பத்தாறு நாள், என் கையெழுத்தில்.
யார் வீட்டுக்கு எத்தனை கேன் போனது என்று
நான் குறித்துவைக்கவில்லை.
அவர்கள் வைத்திருப்பார்கள்.

ஷிஃப்டு முடிந்ததும்
செருப்பைக் கழற்றிவிட்டு
எடைமேடையில் ஏறி நிற்கிறேன்.
கன்னியப்பன் முள்ளைப் பார்த்துச் சொல்கிறான்:
ஐம்பத்தெட்டு.
அவன் ஏறும்போது நான் சொல்கிறேன்.