வெளிச்சக் கழிவு

வெயில்குடிச்சான் என்றுதான் எங்கள் மலையில் அதற்குப் பெயர்.
இடுப்பளவு வளரும். பூக்காது.
மற்றச் செடிகளின் நிழலைவிட அதன் நிழல் கறுப்பு;
கால் வைத்தால் பெருவிரல் தெரியாது.
கவ்வாத்து வெட்டும் நாளில் வெட்டுவாயிலிருந்து
முந்தாநாள் மத்தியானம் சொட்டும்.
பங்களா நாய் அதை நக்கிவிட்டு
ராவெல்லாம் தன் நாக்கையே துரத்தும்.

மழைக்காலத்தில் பசி பொறுக்காமல்
லயத்துப் பக்கம் சாயும்.
குப்பிலாம்பு எரியும், சுடும்,
வெளிச்சம் மட்டும் இராது.
கஸ்தூரி கையால் தடவித்தான் சோறு வடிப்பாள்.

ராத்திரி எட்டே முக்காலுக்குப் பதுளை மெயில்.
மலை முழுக்கத் தலை திருப்பும்.
மறுநாள் கொழுந்தில் சன்னல் சன்னலாகச் சதுரங்கள்,
ஓர் இலையில் தூங்கும் ஆளின் கன்னம்கூட.
அதையும் கிள்ளித்தான் கூடையில் போட்டார்கள்.

நான் நிறுக்கிறவன்.
இதல்கஸ்ஹின்னைக்கு மேலே, ஒன்பதாம் நம்பர் மலை.
ஒரு தராசு, ஒரு புத்தகம், காதில் பென்சில்.
மழை நாளில் தண்ணிக்கு இரண்டு கிலோ கழிப்பது பழைய வழக்கம்.
வெயில் நாளில் வெளிச்சத்துக்கு மூன்று
என்று கடிதம் வந்தது.
வெயில் பட்ட இலை கனக்கும்;
கனத்துக்குக் கம்பனி காசு தராது.
கனத்த அதே பெட்டிகள் கொழும்புக்குப் போய்
யார் யார் விறாந்தையிலோ எரிகின்றன.
அந்தக் கணக்கு என் புத்தகத்தில் இல்லை.

இருளாயிதான் கேட்டாள்.
(அந்தச் செடிக்கு நடுவே அந்தப் பெயர்; சிரிக்காதவர் இல்லை.)
"தண்ணியக் கழிச்சீங்க, சரி.
சாக்கு வழியா ஒழுகி மண்ணுக்குப் போச்சு.
வெளிச்சத்தக் கழிச்சீங்களே ஐயா,
அது எங்க போச்சு?"
நான் பென்சிலைச் சீவினேன்.
அன்றைக்கு அவளுக்கு அரைப்பேர்.

நாற்பத்திரண்டு பெண்கள், ஆளுக்கு மூன்று.
ஒரு நிறுவைக்கு நூற்றிருபத்தாறு கிலோ.
கம்பனிக்கும் இல்லை, அவர்களுக்கும் இல்லை.
யார் பேரிலும் எழுதாத சாமான்
தராசுக் கொக்கிக்குக் கீழேயே
ஐந்து மாதமாகச் சேர்ந்திருக்கிறது.

மடுவத்தின் சீமெந்துத் தரை முதலில் வெடித்தது.
பிறகு முளை.
சூரியனையே பார்க்காத முளை,
நாமரத் தளிர் மாதிரிச் சிவப்பு.
இருளாயி அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.
கவ்வாத்துக் கத்தி கையெட்டும் தூரத்தில்தான் இருந்தது.
வெட்டாமல் விட்டேன் என்று பெருமை பேச மாட்டேன்.
சம்பள நாள். நாளைக்குப் பார்க்கலாம் என்று போனேன்.

அன்றிரவு எட்டே முக்காலுக்கு
மடுவத்தின் தகரத்தைத் தூக்கிக்கொண்டு
ஐந்து மாத வெயிலும் எழுந்து நின்றது,
சிவப்பாக.
மெயில் நின்றது.
சிவப்பைக் கண்டால் நிற்க வேண்டும்,
அதற்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

எங்களைக் கடந்துகொண்டே இருந்த சன்னல்கள்
முதல்முறை அசையாமல்.
காம்பரா வாசல்களில் பெண்கள்,
ரொட்டி மாவுக் கையோடு,
கெண்டைக்காலில் அட்டை கடித்த தழும்பு தெரிய.
உள்ளே ஒருத்தி வடை கடித்த வாயை மூடாமல் பார்த்தாள்.
கஸ்தூரியின் பிள்ளை கையாட்டவில்லை.
ஓடும் ரயிலுக்குக் கையாட்டிப் பழகின பிள்ளை;
நிற்கும் ரயிலுக்கு என்ன செய்வது?

கார்ட் இறங்கி வந்தார், விசிலும் புத்தகமுமாக.
"இது எந்த ஸ்டேஷன்?"
"கழிவு" என்றாள் இருளாயி.

அவர் அதை எழுதவில்லை.
தாமதம், பதினொரு நிமிடம் என்று எழுதினார்.
காரணம் என்ற கட்டத்தில்
பென்சில் கொஞ்ச நேரம் நின்றது,
கூரையில்லாத மடுவத்தின் சிவப்பு அவர் தாளில் விழ.
பிறகு, பனிமூட்டம்.

நானாக இருந்தாலும்
அப்படித்தான் எழுதியிருப்பேன்.