குத்தாயிசி, ஏழு நாற்பது விமானம்

வென்றவர்களை எனக்குத் தெரியாது.
அவர்கள் விடுதியிலேயே தங்கிவிடுகிறார்கள்,
நாளை மூன்று மணிக்கு மறுபடி உட்கார.
என் வண்டியில் ஏறுவது மற்றவர்கள்தான்.

பதூமியிலிருந்து குத்தாயிசி விமான நிலையம்
இரண்டு மணி நேரம், மழையென்றால் இரண்டரை.
மழைதான்.
இடப்பக்கம் கடல் கொஞ்ச தூரம் கூடவே வரும்,
ஊரேகி தாண்டியதும் அதுவும் விட்டுவிடும்.

முதல் சுற்று முடிந்த இரவு
முப்பத்திரண்டு பெண்கள், மூன்று வண்டிகள்.
என்னுடையதில் இடம் போதாமல்
பெட்டிகளை மடியில் வைத்துக்கொண்டார்கள்.
கல்யாணத்துக்குப் போய்த் திரும்புகிற சத்தம்.
பெரு நாட்டுக்காரி ஒருத்தி
மாண்டரின் பழம் உரித்து எல்லாருக்கும் நீட்டினாள்.
"நாற்பதாவது நகர்த்தலில் சமன் கேட்டிருக்கலாமே?"
"கேட்டேன். சிரித்தாள்."
தோல்வியைப் பந்தியில் பரிமாறுவதுபோல்
பரிமாறிக்கொண்டே வந்தார்கள்.

அடுத்த முறை பதினாறு பேர், இரண்டு வண்டி.
பிறகு எட்டு, என் வண்டி மட்டும்.
எட்டுப் பேரும் ஆளுக்கொரு ஜன்னலைப் பிடித்துக்கொண்டார்கள்.

நான் செஸ் ஆடுவதில்லை.
எங்கள் ஊரில் இதை வெளியே சொல்லக் கூடாது.
காய்களின் பெயர் மட்டும் தெரியும்.
குறுக்கே பாயுமே, அதை நாங்கள் ஆமை என்போம்.
பலகையின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு
ஒரே மூச்சில் போகிற ஆமை.

பின்பக்கம் பார்க்கும் கண்ணாடியில்
கற்றுக்கொண்டதும் கொஞ்சம் உண்டு.
தோற்றவள் கை சும்மா இருக்காது.
முழங்கால் மேல் விரல் கட்டம் போடும்,
எதையோ தூக்கும், வேறெங்கோ வைக்கும்,
திரும்ப எடுத்துப் பழைய இடத்திலேயே வைக்கும்.
நான் ஹீட்டரைக் கொஞ்சம் கூட்டுவேன்.
வானொலியை அணைப்பேன்.
அவ்வளவுதான் என்னால்.

கால் இறுதிக்குப் பிறகு நாலு பேர்.
இரண்டு பேருக்கு யாரோ கார் அனுப்பினார்கள்,
ஒருத்தி ரயிலேறித் திபிலிசி போனாள்.
எனக்கு வந்தது மங்கோலியாக்காரி மட்டும்.
எங்க்சுல் என்று கழுத்து அட்டையில் இருந்தது,
அதை இன்னும் கழற்றவில்லை.

கடைசி ஆட்டம் அவளுக்குக் கறுப்பு.
சமன் ஆனாலே கறுப்புக்கு வெற்றி என்று விதியாம்.
கடிகாரத்தில் பதினொரு நொடி.
ராஜாவை எடுக்கப் போன கை
யானையைத் தொட்டுவிட்டது.
"தொட்டதை நகர்த்தணும்," என்றாள் உடைந்த ரஷ்யனில்,
ஆட்டம் தெரியாதவளுக்கு வேறெப்படிச் சொல்வது.
அப்புறம் முப்பது கிலோமீட்டர் ஒன்றும் சொல்லவில்லை.

லன்சுகூத்தி வளைவில் மாடு.
விடியாத இருட்டில், மழையில், நடுச்சாலையில்
காலை மடக்கிப் படுத்தேவிட்டிருந்தது.
ஹார்ன் அடித்தேன். விளக்கை அணைத்து அணைத்துப் போட்டேன்.
எங்கள் மாடுகளுக்குச் சாலை அப்பன் வீட்டுச் சொத்து.
மணி ஆறைத் தாண்டியது.

கதவு திறக்கும் சத்தம்.
போட்டிக்குத் தந்த வெள்ளை ஜாக்கெட்டோடு இறங்கிப் போனாள்.
தொண்டையின் அடியிலிருந்து ஒரு குரல்,
பாட்டுமில்லை, அதட்டலுமில்லை.
முதுகில் உள்ளங்கையை வைத்தாள்.
மாடு எழுந்தது.
யோசித்தது.
ஓரமாய்ப் போய் நின்றது.

தலை சொட்டச் சொட்ட என் பக்கத்து இருக்கையில் ஏறினாள்.
"தொட்டேன். நகர்ந்தது."
அவள்தான் முதலில் சிரித்தாள்.
சம்த்ரேதியா வரைக்கும் நிறுத்தவில்லை நாங்கள்.

இறுதி ஆட்டத்தை யார் ஜெயித்தார்கள் என்று
பிறகு செய்தியில் சொல்லியிருப்பார்கள்.
நான் தூங்கிவிட்டேன்.

அன்று திரும்பும்போது வண்டி காலி.
இருக்கைக்கடியில் மாண்டரின் தோல் காய்ந்து கிடந்தது.
அதே வளைவு. அதே மாடு, அதே நடுச்சாலை.
இறங்கினேன்.
யாரும் வரவில்லையென்று பார்த்துக்கொண்டு
அந்தக் குரலைப் போட்டுப் பார்த்தேன்.
கையையும் வைத்தேன்.
ஈர முதுகு, உள்ளே அடுப்புபோலச் சூடு.
அது அசையவில்லை.
நானும் கொஞ்ச நேரம் கையை எடுக்கவில்லை.