மூன்றாம் வளைவின் மந்தம்

புது கன்சோலில் பனிநரி கோப்பை
துளியும் தடுமாறவில்லை.
நொடிக்கு அறுபது படம்,
விளிம்பெல்லாம் சவரக்கத்தி.
கீறல் விழுந்த கார்ட்ரிஜிலிருந்து
பைட் பைட்டாய் உறிஞ்சி எடுத்ததில்
ஒரு பிட் பிசகில்லை.
முடிந்தது வேலையென்று
மேசை விளக்கை அணைக்கப் போனேன்.

நிஷிகோரி ஒரு சுற்று ஓட்டிவிட்டு
கன்ட்ரோலரை மெல்லக் கீழே வைத்தார்.
"இது அந்த வளைவு இல்லை."

முரோரான் பேருந்துப் பணிமனையில்
பிரேக் கழற்றிப் பூட்டுகிறவர்.
பன்னிரண்டு வயதில்
உறைந்த ஏரித் தடத்தை
ஒரு நிமிடம் பத்தொன்பது நொடியில் முடித்தவர்.
சாட்சிக்கு ஒரு புகைப்படம் வைத்திருக்கிறார்.
டிவி திரையைப் படமெடுத்ததில்
ஃப்ளாஷ் வெளிச்சம்தான் தெளிவாய் விழுந்திருக்கிறது.

மூடிப்போன முடிதிருத்தகத்தில் வாங்கிய
குழாய் டிவியை இருவருமாய்த் தூக்கி வந்தோம்.
பழைய பெட்டியைச் செருகினோம்.
மூன்றாம் வளைவு.
எட்டு வண்டிகள் ஒன்றாய் முண்டியடிக்க,
சக்கரத்தடியில் பனி சிதற,
சில்லுக்கு மூச்சு வாங்கியது.
அரை நொடி
உலகமே தேனில் விழுந்தாற்போல்.

அந்த அரை நொடியில்தான்
அத்தனை பிள்ளைகளின் கட்டைவிரலும்
திரும்பக் கற்றிருக்கிறது.
யாரும் திட்டமிட்டதில்லை.
எழுதியவர்கள் குறையென்று குறித்துவைத்து
நேரமில்லாமல் விட்டிருப்பார்கள்.

புதியதற்கு மூச்சு வாங்காது.
ஆயிரம் வண்டி விட்டாலும் வியர்க்காது.
ஆகவே நிஷிகோரியின் வளைக்கரடி
ஒவ்வொரு முறையும்
நேரே ஏரிக்குள்.

இனி என் பிழைப்பு,
வலுத்தவனுக்கு இளைக்கக் கற்றுக்கொடுப்பது.

நான்கு ஃபிரேம் நிறுத்திப் பார்த்தேன்.
"காலில் கல் கட்டியிருக்கிறது."
ஒன்று.
"விடுப்புக்காக இருமுகிற இருமல்."
போனின் மெதுகேமராவில் எண்ணினேன்:
இரண்டு, மூன்று, இரண்டு,
பனி எவ்வளவு தெறிக்கிறதோ அதற்கேற்ப.
ஒன்பது இரவு, பதினாறு டப்பா காபி.

"பாட்டு?" என்றார்.
எந்தப் பாட்டு?
அவர் முணுமுணுத்துக் காட்டினார்.
நடுவில் ஒரு சுரம் இழுபட்டு
குழியில் இறங்கி ஏறியது.
முப்பது வருடமாய்
பேருந்தின் அடியில் படுத்துக்கொண்டு
அந்தக் குழியோடுதான் பாடியிருக்கிறார்.
மெட்டென்று நினைத்திருக்கிறார்
சில்லின் இளைப்பை.
அதையும் எழுதினேன்.

சப்போரோவிலிருந்து வகத்சுகி கேட்டார்:
குறையைச் செய்து விற்கிறோமா?
வாங்குகிறவன் திட்டமாட்டானா?
கடைசியில் மெனுவின் ஐந்தாம் வரியில்
ஒரு ஸ்விட்ச் கொடுத்தார்கள்.
பழைய மந்தம்: உண்டு, இல்லை.
பெட்டியைப் பிரித்ததும் இருப்பது 'இல்லை'.
சண்டை போட்டேன், தோற்றேன்.
ஐந்தாம் வரிவரை இறங்குகிறவர்கள்
இறங்கட்டும்.

நேற்று, 'உண்டு' என்று வைத்து
அவர் கையில் கொடுத்தேன்.
மூன்றாம் வளைவு. எட்டு வண்டி. பனி.
தேன்.
கண்ணுக்கு முன்பே விரல் அழுத்திவிட்டது.
வளைக்கரடி ஏரியை உரசித் திரும்பியது.
நான் எழுந்தேவிட்டேன்.

நான்காம் வளைவில்
பைன் மரத்தில் போய் முட்டினார்.

என் வயிறு கலங்கியது.
மரத்தின் இடம் பிசகிவிட்டதா,
எந்த வரியில், எத்தனை பிக்சல்?

நிஷிகோரி தன் கட்டைவிரலை
விளக்குக்கு நேரே பிடித்துத்
திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"மரம் சரியாகத்தான் இருக்கிறது.
அதைத் தொட வேண்டாம்."