மூன்று விரற்கடை

தரைக்கும் வண்டிக்கும் நடுவே
மூன்று விரற்கடை.
குனிந்து என் விரல்களையே விட்டு அளந்தேன்.
மூன்றாவது கொஞ்சம் சிரமப்பட்டுத்தான் நுழைந்தது.
போன வருஷம் நான்கு என்று
கட்டைவிரலை மடித்துக் காட்டினார் குசகாபே,
கடன் குறைந்துகொண்டே வருகிறவரின் முகத்தோடு.

பகலில் அவர் பல் கட்டுகிறவர்.
சைதாமாவில் ஒரு மருத்துவமனையின் பின்னறையில்
யார் யாருடைய வாய்க்கோ
கடைவாய்ப்பல் இழைக்கிறார்.
இரவில் அதே கை
சக்கர வளைவின் விளிம்பை இழைக்கிறது.
ஒன்பது பூச்சு பெயின்ட்.
கத்தரிப்பூ நிறம் என்று நான் நினைத்திருந்தது
மஞ்சள் விளக்கடியில் நகர்ந்ததும்
அப்போதுதான் அறுத்த ஈரல்போல் மினுங்கியது.
அழகு என்பதற்கு எனக்குத் தெரிந்த ஒரே ஜப்பானியச் சொல்லை
அதற்குள் பதினோரு வண்டிகளுக்குச் செலவழித்துவிட்டேன்.

நான் வேகம் பார்க்க வந்தவன்.
இரண்டு வருஷச் சேமிப்பு, கெஞ்சி வாங்கிய லீவு.
யோகோஹாமா கடலோரம்
மேம்பாலங்கள் சுருண்டு இறங்கும் நிறுத்தத்தில்
சனிக்கிழமை ஏழு மணிக்கே வந்து நின்றேன்.
வந்தன:
புகைக்குழாய்களைக் கொம்பு வாத்தியம்போல
வானத்துக்குத் தூக்கியவை,
சக்கரங்கள் சாய்ந்து
முட்டி தட்ட நடப்பவை,
தேர்விளக்கு அத்தனையும் போட்டுக்கொண்டு
ஒரு மீன் லாரி.
ஹோனாமி ரயிலில் டிக்கெட் பார்க்கிறவள்.
அவளுடைய குட்டி வேனுக்குள் சரவிளக்கு,
அதற்கு அடியில்
வாய் திறந்து தூங்கும் மகன்.

யாரும் பந்தயம் ஓட்டவில்லை.
பானெட்டைத் திறந்து வைத்துவிட்டு
எட்டிப் போய் நின்று டப்பாக் காபி குடித்தார்கள்,
விடைத்தாள் திருத்தும் மேசையைப்
பார்க்காத மாதிரி பார்க்கும் பிள்ளைகளாக.

ஒன்பதரைக்கு ஒலிபெருக்கி.
நிறுத்தம் மூடப்படுகிறது, தயவுசெய்து கிளம்புங்கள்.
குரலில் கோபமில்லை.
கடையடைக்கிறவரின் அலுப்புதான்.
முணுமுணுப்பும் இல்லை.
டப், டப் என்று பானெட்டுகள் சாத்திக்கொண்டன.

குசகாபே என்னை ஏற்றிக்கொண்டார்.
இனிமேல்தான் வேகம் என்று
பெல்ட்டை இரண்டு தரம் இழுத்துப் பார்த்தேன்.
வழியில் ஒரு கடை.
கடை வாசலில் ஒரு சரிவு.
சரிவு என்று சொன்னால்
அந்தச் சரிவுக்கே கூச்சமாக இருக்கும்.
வண்டி நின்றது.
டிக்கியில் குளியல் துண்டில் சுற்றி
இரண்டு பலகைகள்.
ஒன்றை என் கையில் கொடுத்தார்,
குழந்தையைக் கொடுப்பதுபோல, தலை தாங்கி.

பின்னால் பார்சல் லாரி ஒன்று காத்து நின்றது.
ஹாரன் இல்லை.
ஹோனாமி வேனை விட்டு ஓடி வந்து
முன்னால் நின்று கையசைத்தாள்:
ஓராய், ஓராய், ஓராய்.

எனக்குப் புரிய மூன்று ஓராய் பிடித்தது.
ஆல்ரைட்!
எந்தக் கப்பலிலோ வந்திறங்கி
இங்கே ஓராய் ஆன சொல்,
எங்கள் பேருந்துப் படிக்கட்டில்
தலை போய்
வெறும் ரைட்டாகத் தொங்குகிறது.
மண்டியிட்டுப் பலகையை அழுத்திக்கொண்டு
நானும் கத்தினேன்:
ரைட், ரைட்,
வா, வா, போலாம் ரைட்,
ஹோல்டான்!

பிரேக் விழுந்தது.
எந்த மொழி என்று வண்டி கேட்கவில்லை.
அடியில் எங்கோ ஒரு சின்னக் கிரீச்.
நாங்கள் மூவரும்
பல்லிடுக்கில் மூச்சை இழுத்தோம்,
பல் கட்டுகிறவர் எல்லோரையும்விட நீளமாக.

இரண்டு முழம் தாண்டப் பதினோரு நிமிஷம்.

கேமராவில் அறுநூற்றுச் சொச்சம் படங்கள்.
இது இல்லை.
இரண்டு கையும் பலகையில் இருந்தன.

ஊர் வந்து இறங்கியபோது
சுங்க அதிகாரி கேட்டார்,
விதை, மண், மரப்பொருள் ஏதாவது?
உள்ளங்கையில் இன்னும் குத்திக்கொண்டிருந்தது
ஒரு சிராய்.
இல்லை என்றேன்,
கையை மூடிக்கொண்டு.