தவணையின் நிறம்

பேரேடு என் பொறுப்பில் இருக்கிறது.
எங்கள் ஊரில் தேதி எழுதுவதில்லை.
நாலாயிரம் மீட்டர் உயரம்,
உப்பு ஏரியின் மேற்கு விளிம்பு,
காற்றுக்கே மூச்சு வாங்கும்;
இங்கே தேதியைச் சுமந்துகொண்டு ஏறி வருவது யார்?

நிறம் எழுதுகிறோம்.
"முற்றிய கினோவாக் கதிரின் சிவப்பில்
பிளாசிதாவுக்கு மகள் பிறந்தாள்."
"லாமா ஈறின் நிறத்தில்
பள்ளிக்கூடத் தகரம் பறந்தது."
ஒவ்வொரு வரிக்குப் பக்கத்திலும்
அன்றைய வானம், விரலால் ஒரு தீற்றல்:
கள்ளிப்பூச்சியின் சிவப்பு, சுண்ணாம்பு, அடுப்புச் சாம்பல்.

கொள்கை என்று பார்த்தால் ஒரு கைப்பிடிதான்.
காலத்துக்கு நீளம் இல்லை, ஊறல் உண்டு.
நாம் நூல், வானம் சாயத்தொட்டி.
வெள்ளி ஐந்து தடவை சூரியனுக்குள் முங்கி எழுந்தால்
தொட்டி பழைய சாயத்துக்குத் திரும்பிவிடும்.
அதை எட்டு வருஷம் என்கிறார்கள்
பேருந்தில் வந்து இறங்குகிறவர்கள்.
பாவம், எண்ணிக்கொண்டே இருக்கிறார்கள்.

சத்துர்னினா வய்யானி
எலெயுத்தேரியோவுக்குப் பதினொரு லாமா கடன் கொடுத்தாள்.
எழுதியது நான்:
"வெள்ளி மறுபடி இந்தச் சாம்பல் ரோஜாவில் நிற்கும் மாலை
பதினொன்றும், ஈன்றவையும்."

ஐந்து முங்கல் ஆயிற்று.
தோளில் பதினொரு கயிற்றோடு வந்து நின்றாள்.
அவன் தொப்பியைத் தூக்கி மேற்கே பார்த்தான்,
நிதானமாக, துணிக்கடையில் பார்ப்பதைப் போல.
"அந்த நிறம் இதில்லை" என்றான்.
"அன்றைக்கு எல்லைக்கு அப்பால் மலை புகைந்துகொண்டிருந்தது.
வானம் முழுக்கச் சாம்பல்.
மலை மறுபடி கக்கட்டும், கொடுக்கிறேன்."

கால்பந்து மைதானத்தில் கூட்டம்.
நிறம் வானத்தில் இருக்கிறது என்று பாதி ஊர்,
கண்ணில் இருக்கிறது என்று மீதி.
மூன்று மாலை.
கோக்கா இலை தீர்ந்தது, பீர் தீர்ந்தது,
லாமா என்ற சொல்லை ஒருவரும் சொல்லவில்லை.
"பேரேட்டைத் திற" என்றார்கள்.
திறந்தேன்.
தீற்றல் பழந்தேநீர்க் கறையாகக் கிடந்தது.
சாயம் வெளுத்தது,
யாருடையது என்றுதான் தெரியவில்லை.

நாலாம் நாள் அவள் ஒரூரோவுக்குப் பேருந்து ஏறினாள்.
வலக்கண்ணில் புரை எடுத்துக்கொண்டு வந்தாள்,
பிளாஸ்திரியின் பிசின் நெற்றியில் இன்னும் போகவில்லை.
மைதானத்தின் நடுக்கோட்டில் நின்று
இடக்கண்ணைப் பொத்தினாள்.
"நீலம். அப்பா! கூசுகிறது."
வலக்கண்ணைப் பொத்தினாள்.
"இதில் இன்னும் சாம்பல் ரோஜா.
ஒரே வெள்ளி, ஒரே மாலை,
நான் மட்டும் இரண்டு காலத்தில் நிற்கிறேன்.
இந்த இடதுக்கும் அடுத்த மாதம் முறை சொல்லியிருக்கிறார்கள்.
அப்புறம் உன் நிறம் இந்த ஊரில் யாரிடமும் இருக்காது, எலெயுத்தேரியோ.
உன் கடன் தீரவே தீராது.
யோசித்துக்கொள்."

அவன் அன்றிரவு தூங்கவில்லை என்று கேள்வி.
கடனாளியாகவே சாவது
எங்களில் யாருக்கும் பழக்கமில்லாத நிறம்.

கிழக்கு வெளுக்கையில் மணிச்சத்தம்.
பதினொன்று, குட்டிகள் ஒன்பது,
ஒரு குட்டிக்கு ஒரு காது மட்டும் கறுப்பு.
அவள் எண்ணவில்லை. கயிறுதான் போதவில்லை.

இன்றைய வரிக்குத் தீற்றல் போட வேண்டும்.
விரலைச் சாம்பலில் தோய்த்து எடுத்தேன், வைத்தேன்.

ஒன்று சொல்லிவிடுகிறேன், என்னை யாரும் கேட்கவில்லை.
கடன் எழுதிய அன்று எனக்கு நல்ல போதை.
மாலையில் எழுதாமல் ராத்திரி விளக்கடியில் கலக்கினேன்.
சாம்பல் ஒரு சிட்டிகை கூடிப்போனது.
மலை புகைந்ததா, நினைவில்லை.

கட்டம் காலியாகவே இருக்கிறது.
சன்னலுக்கு வெளியே, உப்பின் மேல்,
லாமாக்கள் போன வண்ணம் இருக்கின்றன.