எண்ணாத குடிசை

பென்ஹாலிகன் துரை லுவாபுலா கரையில் இறங்கியபோது
தாடி நல்ல செம்பட்டை.
குடிசைக்கு மூன்று ஷில்லிங் என்றார்.
நான் மொழிபெயர்த்தேன்,
அவர் சொன்ன 'தயவுசெய்து' ஒன்றை விட்டுவிட்டு.
எங்கள் பேச்சில் அதற்குச் சொல் இல்லை என்றேன்.
இருந்தது.

கணக்கெடுப்புக்கு முந்தின இரவே
சுவரைப் பிரித்துக்கொண்டு நாணலுக்குள் போய்விடும் சனம்.
சூடாறாத அடுப்புச் சாம்பலையும்
ஒரு வீடென்று எழுதிக்கொள்வார்.

பத்தொன்பது வருடம், இரண்டு பதக்கம், ஒரு கருநீர்க் காய்ச்சல்.
ஆற்றோரத்து முசோண்டாவின் குடிசை மட்டும்
எந்தப் பதிவேட்டிலும் ஏறவில்லை.
அதன் வாசலில் செம்பட்டை முடியோடு
ஒரு பையன் வலை உலர்த்துவான்;
நாங்கள் இருவரும் பறவை பார்த்தபடி கடப்போம்.

அவர் கப்பலேறினார்.
புதிய துரைக்குக் கண் கூர்மை.
முதல் நாளே நின்று கேட்டார்:
இது யாருடையது?

பேனாவை மைக்கூட்டில்
நனைத்துக்கொண்டே இருந்தேன்.